கேமராக்களுக்குப் பின்னால் முந்நூறு பேர்

சின்னத்திரைச் சிரிப்பின் கதை – 7

1951-ல் லூசில் பாலும் அவர் கணவர் டெசி அர்னாஸும் சிபிஎஸ் நிறுவனத்தோடு பேச்சுவார்த்தையில் உட்கார்ந்தபோது ஒரு விஷயத்தில் எல்லோருக்கும் சம்மதம் இருந்தது. ‘ஐ லவ் லூசி’ என்ற புதிய நகைச்சுவைத் தொடரை ஜனங்கள் எதிரில்தான் நடத்த வேண்டும். லூசில் பால் அதுவரை சினிமாவில் அழகான நாயகி, சுமாரான வெற்றி. வானொலியில் ‘மை ஃபேவரிட் ஹஸ்பண்ட்’ தொடரில்தான் அவருக்குள் இருந்த கோமாளி வெளியே வந்தாள். அதன் தயாரிப்பாளர் ஜெஸ் ஓப்பன்ஹைமர், எழுதியதை மைக்கில் ஒப்பிக்காமல் எதிரே இருப்பவர்களுக்காக நடிக்கச் சொன்னார். ஜேக் பென்னியின் நிகழ்ச்சிக்கு டிக்கெட் வாங்கிக் கொடுத்து, போய்ப் பார்த்துவிட்டு வரச் சொன்னார். அதற்குப் பிறகு லூசியை ஜனங்களிடமிருந்து பிரிக்கக் கூடாது என்பது அவரோடு வேலை செய்த எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று.

சிக்கல் வேறு இடத்தில் இருந்தது. டெலிவிஷன் பெட்டிகள் பெரும்பாலும் அமெரிக்காவின் கிழக்குப் பக்கத்தில். லூசியும் டெசியும் இருந்ததோ மேற்குக் கோடியில். ஹாலிவுட்டிலிருந்து நேரலையாகக் கொடுத்தால் நியூயார்க்கில் பார்ப்பவருக்குப் போன இதழில் பார்த்த கினெஸ்கோப் நகல்தான், அதாவது டெலிவிஷன் திரையை ஃபிலிமில் படமெடுத்த நகல்தான் கிடைக்கும், மங்கலாக, சாம்பல் பூத்ததுபோல. பணம் போடும் பிலிப் மாரிஸ் சிகரெட் கம்பெனி, தன் வாடிக்கையாளர்கள் அந்த மங்கல் படத்தைப் பார்ப்பதை விரும்பவில்லை. நியூயார்க்குக்கே வந்துவிடுங்கள் என்றார்கள். தம்பதி மறுத்துவிட்டார்கள். அப்படியானால் சினிமா ஃபிலிமில் எடுப்போம் என்றார் டெசி. வாரத்துக்குக் கூடுதலாக ஆகும் செலவில் சிபிஎஸ் ஒரு பங்கு, சிகரெட் கம்பெனி ஒரு பங்கு ஏற்றுக்கொள்ள, இவர்கள் தங்கள் சம்பளத்தில் வாரம் 1,000 டாலர் குறைத்துக்கொண்டார்கள். அதற்குப் பதிலாக டெசி கேட்டது ஒன்றுதான்: எடுத்த ஃபிலிம் எங்களுக்குச் சொந்தம். ஒருமுறை ஒளிபரப்பான நிகழ்ச்சியை மறுபடி யார் பார்ப்பார்கள் என்று நினைத்த காலம் அது. சிபிஎஸ் கொடுத்துவிட்டது. சில வருடங்கள் கழித்து அதே ஃபிலிம்களைச் சில மில்லியன் டாலருக்குத் திரும்ப வாங்க வேண்டியிருந்தது. அந்த வியாபாரக் கதையை எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது, அந்த ஒப்பந்தத்தால் படப்பிடிப்புத் தளத்தில் என்ன மாறியது என்பது.

ஃபிலிம் என்றால் அந்நாளில் ஒரு கேமரா. ஒரு ஷாட் எடுத்துவிட்டு, விளக்கை மாற்றி, கேமராவை நகர்த்தி, அரை மணி கழித்து அடுத்த ஷாட். அதற்குள் எதிரே உட்கார்ந்திருப்பவர் சிரிப்பை மறந்துவிடுவார். ஜனங்கள் எதிரில் எடுப்பதென்றால் நாடகம் போலத் தொடர்ந்து நடிக்க வேண்டும், நடக்கிற நேரத்திலேயே எல்லாக் கோணங்களும் பதிவாக வேண்டும். பல கேமராக்களை ஒரே நேரத்தில் ஓடவிடும் முறையை வேறு சிலர் முயன்றிருந்தார்கள். அந்த அனுபவமுள்ள அல் சைமனை டெசி கூட்டிவந்தார். ஒளிப்பதிவுக்கு அவர் கூப்பிட்டது கார்ல் ஃபிராய்ண்டை.

ஃபிராய்ண்டைப் பற்றி நின்று சொல்ல வேண்டும். ஜெர்மனியில் ‘மெட்ரோபோலிஸ்’ படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர். 1924-ல் முர்னாவின் ‘தி லாஸ்ட் லாஃப்’ படத்தில் கேமராவை முக்காலியிலிருந்து கழற்றி, நெஞ்சில் கட்டிக்கொண்டு நடக்கவைத்தவர். ஹாலிவுட்டில் ‘டிராகுலா’வை ஒளிப்பதிவு செய்தார், ‘தி மம்மி’யை இயக்கினார், ‘தி குட் எர்த்’ படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார். ஒளிமானி தயாரிக்கும் சொந்தக் கம்பெனியும் வைத்திருந்தார். நிழலால் பயமுறுத்தத் தெரிந்த அந்தப் பெரியவரிடம் இப்போது கேட்கப்பட்டது நிழலே விழாத வெளிச்சம். நடுக் கேமரா அகலமான காட்சியை எடுக்கும்போது இடத்திலும் வலத்திலும் உள்ள கேமராக்கள் முகங்களை எடுக்கும். மூன்றுக்கும் ஒரே வெளிச்சம் பொருந்த வேண்டும். தரையில் விளக்கு வைத்தால் டிராலி ஓட வழியில்லை, ஜனங்களுக்கும் மறைக்கும். அதனால் விளக்குகளை மேலே ஏற்றி, எங்கும் சமமாகப் பரவவிட்டார். முகத்தின் கீழ்ப்பகுதி இருளாமல் இருக்கக் கேமராவிலேயே சிறு விளக்குகளைப் பொருத்தினார். செட்டின் சுவர்களுக்குச் சாம்பல் நிறத்தின் பல சாயல்களைப் பூசச் சொன்னார். கருப்பு வெள்ளைப் படத்தில் பளிச்சென்ற வெள்ளையும் அடர்ந்த கறுப்பும் மூன்று கேமராவில் மூன்று விதமாகத் தெரியும் என்பது அவருக்குத் தெரியும்.

பார்க்க அழகற்ற வெளிச்சம் என்று அதைக் குறை சொல்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த வெளிச்சத்தில் நடிகர் எங்கே நின்றாலும் சரி. எந்த விளக்கின் கீழ் முகம் விழ வேண்டும் என்ற கவலை அவருக்கு இல்லை. லூசி ஓடலாம், விழலாம், சோபாவுக்குப் பின்னால் மறைந்து தலையை நீட்டலாம். நகைச்சுவை நடிகருக்கு ஒரு ஒளிப்பதிவாளர் செய்துகொடுக்கக்கூடிய பெரிய உதவி அதுதான்.

இடம், ஹாலிவுட்டில் ஜெனரல் சர்வீஸ் ஸ்டுடியோவின் இரண்டாம் தளம். சினிமாத் தளத்தில் பொதுமக்களை உட்காரவைக்கச் சட்டம் இடம் தராது. தெருப்பக்கம் தனி வாசல், தீ விபத்து நேர்ந்தால் வெளியேற வழி, கழிப்பறை எல்லாம் வேண்டும். சுவரை உடைத்து வாசல் வைத்தார்கள். முந்நூறு பேர் உட்காரப் படிக்கட்டு வரிசைகள் போட்டார்கள். டிராலி குலுங்காமல் ஓடத் தரையைச் சீராக்கினார்கள். 1951 செப்டம்பர் 8, முதல் படப்பிடிப்பு இரவு. ஜனங்கள் வந்துவிட்ட நேரத்தில் பெண்களுக்குக் கழிப்பறை பக்கத்தில் இல்லை என்று சுகாதார அதிகாரி தடுத்ததையும், தன் அறைக் கழிப்பறையை லூசி திறந்துவிட்டதையும் டெசி தன் சுயசரிதையில் சொல்கிறார்.

அன்றிரவு இயக்கியவர் மார்க் டேனியல்ஸ். நியூயார்க்கில் நேரலை நாடகங்களை இயக்கிப் பழகியவர். பக்கத்து வீட்டு எத்தல் வேடத்துக்கு விவியன் வேன்ஸைச் சொன்னவரும் அவரே. நேரலையில் இயக்குநர் கண்ணாடி அறைக்குள், வரிசையாக உள்ள திரைகள் முன்னால் உட்கார்ந்திருப்பார். ஒன்று, இரண்டு, மூன்று என்று கேமராவைக் கூப்பிட்டு அங்கேயே, அந்த நொடியிலேயே படத்தைத் தொகுத்துவிடுவார். ஃபிலிமில் அந்த வசதி இல்லை. கேமரா என்ன பார்க்கிறது என்பது கேமராக்காரருக்கு மட்டுமே தெரியும். மூன்றும் நிற்காமல் ஓடும், எதை எடுப்பது எதை விடுவது என்பது பிறகு எடிட்டிங் மேஜையில்தான் தெரியும். அதனால் இயக்குநர் தன் வேலை முழுவதையும் ஜனங்கள் வருவதற்கு முன்பே முடித்திருக்க வேண்டும்.

வாரம் நான்கு நாள். செவ்வாய்க்கிழமை எல்லோரும் உட்கார்ந்து வாசிப்பது. புதன்கிழமை எழுந்து நின்று நடந்து பார்ப்பது. வியாழக்கிழமை கேமராக்களோடு ஒத்திகை. வெள்ளி இரவு ஜனங்கள். கேமராக்கள் எந்த வசனத்துக்கு எங்கே போய் நிற்க வேண்டும் என்று தரையில் குறி போட்டிருக்கும். ஒவ்வொரு நகர்வையும் ஒருங்கிணைப்பாளர் காதுக்கருவி வழியாகச் சொல்வார். இடப்பக்கக் கேமரா வலப்பக்க நடிகரின் முகத்தை எடுக்கும், வலப்பக்கக் கேமரா இடப்பக்க நடிகரை. ஆகவே நடிகர் இரண்டடி பின்வாங்கினால் ஒரு கேமராவுக்கு முகம் போய்விடும், ஒரு அடி முன்னால் வந்தால் இன்னொருவரை மறைப்பார். சோபா ஏன் எப்போதும் கூடத்தின் நடுவில் நம்மைப் பார்த்தபடி கிடக்கிறது, சாப்பாட்டு மேஜையில் ஏன் ஒரு பக்கம் யாரும் உட்காருவதில்லை என்று கேட்பவர்களுக்குப் பதில் இங்கே இருக்கிறது. நான்காவது சுவர் இருக்க வேண்டிய இடத்தில் மூன்று கேமராவும் அவற்றுக்குப் பின்னால் முந்நூறு பேரும் இருக்கிறார்கள்.

நம் ஊர் சபா நாடகம் பார்த்தவர்களுக்குத் தெரியும், அரங்கு சிரிக்கும்போது தேர்ந்த நடிகர் அடுத்த வசனத்தைப் பிடித்துவைத்துக்கொள்வார். சிரிப்பு உச்சிக்குப் போய் இறங்கத் தொடங்கும் நேரத்தில், முழுக்க அடங்குவதற்கு முன், பேசுவார். அடங்கும்வரை காத்தால் வேகம் போய்விடும், முந்தினால் வசனம் காதில் விழாது. தொலைக்காட்சி இயக்குநருக்கு இதற்கு மேல் ஒரு கவலை உண்டு. அந்த இடைவெளியில் நடிகர் சும்மா நின்றால் வீட்டில் இருப்பவருக்கு அவர் காத்திருப்பது தெரிந்துவிடும். எனவே ஒவ்வொரு பெரிய சிரிப்புக்கும் ஒரு காரியம் கொடுத்து வைக்க வேண்டும்: தொப்பியைக் கழற்றுவது, கோப்பையை எடுப்பது, இன்னொருவரைத் திரும்பிப் பார்ப்பது. சிரிப்பு எங்கே வரும் என்று ஒத்திகையில் ஊகிக்கலாம், அவ்வளவுதான். வெள்ளி இரவு ஜனங்கள் எதிர்பாராத இடத்தில் சிரிப்பார்கள், எதிர்பார்த்த இடத்தில் மௌனமாக இருப்பார்கள். தவறினால் நிறுத்தி மறுபடி எடுக்கலாம்தான். ஆனால் ஒருமுறை கேட்ட நகைச்சுவைக்கு இரண்டாம் முறை வரும் சிரிப்பு மரியாதைச் சிரிப்பு. அதனால் இயன்றவரை நிறுத்தாமல் ஓட்டினார்கள். காட்சிகளுக்கு நடுவே ஃபிலிம் மாற்றும்போதும் உடை மாற்றும்போதும் வில்பர் ஹாட்சின் வாத்தியக் குழு வாசித்து ஜனங்களைக் கலையாமல் வைத்திருந்தது. முதலில் வந்து எல்லோரையும் வரவேற்று, வேடிக்கையாகப் பேசி, சிரிக்கத் தயார்செய்வது டெசியே.

இந்த முறை என்ன சாதித்தது என்று பார்க்க 1952 செப்டம்பர் 15-ல் ஒளிபரப்பான சாக்லேட் தொழிற்சாலைக் காட்சியைப் போட்டுப் பார்க்கலாம். இயக்கியவர் டேனியல்ஸுக்கு அடுத்து வந்த வில்லியம் ஆஷர். லூசியும் எத்தலும் ஓடும் பட்டைக்குப் பின்னால், முகம் நம்மை நோக்கி நிற்கிறார்கள். சாக்லேட் வருகிறது, காகிதத்தில் சுற்ற வேண்டும், அவ்வளவுதான் வேலை. பட்டையின் வேகம் கூடுகிறது. சுற்ற முடியாததை வாயில் போடுகிறார்கள், தொப்பிக்குள் திணிக்கிறார்கள், சட்டைக்குள் விடுகிறார்கள். கேமரா பெரும்பாலும் இருவரையும் சேர்த்தே காட்டுகிறது. துள்ளும் துண்டு ஷாட்டுகள் இல்லை. கை, வாய், தொப்பி, பட்டை நான்கும் ஒரே சட்டத்தில் தெரிவதால், அடுத்த சாக்லேட் வருவதை லூசிக்கு முன்னால் நாம் பார்த்துவிடுகிறோம். அரங்கின் சிரிப்பு பட்டையோடு சேர்ந்து ஏறுகிறது. நடுவில் ஒரு க்ளோஸ்-அப் போட்டிருந்தால் அந்த ஏற்றம் அறுந்திருக்கும். மூன்று கேமரா கையில் இருந்தும் ஒன்றை மட்டும் நம்பியதில்தான் இயக்குநரும் படத்தொகுப்பாளரும் தெரிகிறார்கள்.

படத்தொகுப்பாளர் டேன் கான். அதுவரை ஒரு படத்தை மட்டும் காட்டிய மூவியோலா இயந்திரத்தில் மூன்று படங்களும் ஒலியும் ஒன்றாக ஓடும்படி ஒன்றைத் தருவித்தார்கள். மூன்று தலைப் பூதம் என்றுதான் அதை அழைத்தார்கள். அவர் வெட்ட வேண்டியது சிரிப்பின் தாளத்துக்கு ஏற்ப. பேசியவர் முகத்திலிருந்து கேட்டவர் முகத்துக்கு எப்போது போவது என்பதில் கால் நொடி பிசகினால் அரங்கு எதற்குச் சிரிக்கிறது என்பது வீட்டில் புரியாது. சில சமயம் சிரிப்பே மிஞ்சிப்போகும். 1957-ல் சட்டைக்குள் முட்டைகளை ஒளித்துக்கொண்டு லூசி டேங்கோ ஆடிய காட்சியில் சிரிப்பு ஒரு நிமிடத்தையும் தாண்டியது என்கிறார்கள். ஒளிபரப்புக்கு அதைக் குறைக்க வேண்டியிருந்தது.

இத்தனை வெற்றிக்குப் பிறகு எல்லோரும் இந்த வழிக்கு வந்திருக்க வேண்டும். வரவில்லை. அறுபதுகளில் பெரும்பாலான நகைச்சுவைத் தொடர்கள் ஒற்றைக் கேமராவுக்குத் திரும்பின. பதிவுசெய்த சிரிப்பைச் சார்லி டக்ளஸின் பெட்டியிலிருந்து எடுத்து ஒட்டிக்கொண்டன. பேசும் குதிரையும் மந்திரக்காரி மனைவியும் வந்த காலம், தந்திரக் காட்சிகளை ஜனங்கள் எதிரில் எடுக்க முடியாது என்பது ஒரு காரணம். செலவு இன்னொரு காரணம். அந்தப் பத்தாண்டில் லூசியின் வழியை விடாமல் பிடித்திருந்த தொடர்களில் சிறந்தது ‘தி டிக் வான் டைக் ஷோ’. 1963 நவம்பரில் கென்னடி சுட்டுக்கொல்லப்பட்ட சில நாட்களில் அதன் ஓர் அத்தியாயத்தை ஆளில்லாத அரங்கில் எடுத்தார்கள். நாடு துக்கத்தில் இருக்கும்போது ஜனங்களைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சிரியுங்கள் என்று சொல்ல அவர்களுக்கு மனம் வரவில்லை.

அந்தத் தொடரின் நாயகி மேரி டைலர் மூர் 1970-ல் தன் பெயரிலேயே தொடர் தொடங்கியபோது இயக்க வந்தவர் ஜே சாண்ட்ரிச். ஃப்ரெட் அஸ்டேரின் ‘டாப் ஹாட்’ படத்தை இயக்கிய மார்க் சாண்ட்ரிச்சின் மகன். ஐம்பதுகளில் லூசி, டெசி தம்பதியின் டெசிலு ஸ்டுடியோவில், ‘ஐ லவ் லூசி’யில் உதவி இயக்குநர்களில் ஒருவராகத் தொழில் கற்றவர். குருகுலம் என்று சொல்லத்தக்க ஒரு தொடர்ச்சி இங்கிருந்துதான் தொடங்குகிறது.

மேரி டைலர் மூர் தொடரின் முதல் அத்தியாயத்தைப் படப்பிடிப்பு வாரத்தில் ஒருமுறை ஜனங்கள் முன் பரீட்சார்த்தமாக நடத்திப் பார்த்தார்கள். படுதோல்வி. குளிர்சாதனம் சரியில்லை, ஒலி சரியில்லை. எல்லாவற்றையும்விட, பக்கத்து வீட்டுத் தோழி ரோடாவை ஜனங்களுக்குப் பிடிக்கவில்லை. மேரி குடிவர இருக்கும் அறைக்கு அவள் உரிமை கொண்டாடிக்கொண்டு சண்டைக்கு நிற்கிறாள். அழகான மேரியிடம் ஒருத்தி கத்தியதும் ஜனங்கள் மேரி பக்கம் சேர்ந்து இறுகிவிட்டார்கள். வசனத்தை மென்மையாக்கலாம், நடிகை வேலரி ஹார்ப்பரை அடக்கி நடிக்கச் சொல்லலாம். இரண்டும் அந்தப் பாத்திரத்தைக் கொன்றிருக்கும். வழி சொன்னவர் ஸ்கிரிப்ட் மேற்பார்வையாளர் மார்ஜ் மல்லன். மேரியின் தோழி ஃபில்லிஸின் சின்ன மகள் பெஸ், ரோடாவை எனக்குப் பிடிக்கும் என்று முன்கூட்டியே சொல்லிவிடட்டும் என்றார். அந்த ஒரு வசனம் சேர்ந்தது. வெள்ளி இரவு வந்தவர்கள் ரோடாவின் முதல் வசனத்திலிருந்தே சிரித்தார்கள். ஒரு குழந்தைக்குப் பிடித்தவளை வெறுக்க யாருக்கும் தோன்றவில்லை. இந்த இயக்குநர் தொழிலைக் கற்க வருபவருக்கு நான் முதலில் சொல்லிக்கொடுக்க விரும்புவது இந்தச் சம்பவத்தைத்தான். சிரிப்பு வராத இடத்தில் கோளாறு அந்த வசனத்தில் இருக்க வேண்டியதில்லை, பத்து நிமிடம் முன்னால் இருக்கலாம். அதைக் காட்டிக்கொடுக்க நிஜமான மனிதர்கள் எதிரே உட்கார்ந்திருக்க வேண்டும். டக்ளஸின் பெட்டி ரோடாவுக்கும் சிரித்திருக்கும்.

சாண்ட்ரிச் அந்தத் தொடரின் 168 அத்தியாயங்களில் 119-ஐ இயக்கினார். நடிகரைச் சிரிப்புக்காக உந்த மாட்டார், அந்தக் கணத்தின் உணர்ச்சி உண்மையாக இருக்கிறதா என்று பார்ப்பார். 1975-ல் கோமாளி சக்கிள்ஸின் சாவும் அடக்கச் சடங்கும் பற்றிய கதை வந்தபோது, சாவில் சிரிக்க என்ன இருக்கிறது என்று மறுத்துவிட்டார். இயக்கியவர் ஜோன் டார்லிங். சடங்கின் நடுவே மேரிக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வருகிறது. அடக்குகிறாள், இருமலாக மாற்றுகிறாள், மறுபடி பீறிடுகிறது. அரங்கில் இருப்பவர்களும் தங்கள் சிரிப்பை அவளோடு சேர்ந்து அடக்கி, அவளோடு சேர்ந்து தோற்கிறார்கள். அமெரிக்கத் தொலைக்காட்சியின் மிகச் சிறந்த நகைச்சுவை அத்தியாயம் இதுதான் என்று சொல்பவர்கள் ஏராளம். சாண்ட்ரிச் மேல் எனக்குள்ள மதிப்பு இதனால் குறையவில்லை. தனக்குச் சிரிப்பு வராததை ஜனங்களிடம் கொண்டுபோகக் கூடாது என்ற நேர்மை அது.

இதே காலத்தில் நார்மன் லியர் வேறு பாதையில் போனார். ‘ஆல் இன் தி ஃபேமிலி’யை ஃபிலிமுக்குப் பதில் வீடியோ டேப்பில் எடுத்தார். ஒரே நாளில் இரண்டு முறை, இரண்டு கூட்டங்களுக்கு நடத்தி, நல்ல பகுதிகளைச் சேர்த்துக்கொண்டார். டேப் என்பதால் இயக்குநர் மறுபடி திரைகள் முன் உட்கார்ந்தார். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும்.

1974-ல் மேரி டைலர் மூருக்கு ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் ஜேம்ஸ் பர்ரோஸ். ‘கைஸ் அண்ட் டால்ஸ்’ புகழ் ஏப் பர்ரோஸின் மகன். 1966-ல் பிராட்வேயில் திறக்கும் முன்பே மூடப்பட்ட ஓர் இசை நாடகத்தில் மேரி நடித்தார், அங்கே இந்த இளைஞர் மேடை உதவியாளர். நீங்கள் டெலிவிஷனில் செய்வதைத்தான் நான் மேடையில் செய்துகொண்டிருக்கிறேன், வாய்ப்புக் கிடைக்குமா என்று கேட்டிருந்தார். நாடகக்காரர்கள் வேண்டும் என்று மேரியின் தொடரைத் தயாரித்த கம்பெனியின் தலைவர் கிராண்ட் டிங்கரும் நினைத்ததால் கூப்பிட்டார்கள். நடிகரை நிறுத்தத் தெரியும், நடக்கவைக்கத் தெரியும், கேமரா தெரியாது. மாதக்கணக்கில் சாண்ட்ரிச்சின் பின்னால் நின்று அதைக் கற்றுக்கொண்டார்.

கற்றதை அவர் தன் வழியில் மாற்றிக்கொண்டார். படப்பிடிப்பின்போது கேமராக்களுக்குப் பின்னால் அங்குமிங்கும் நடந்துகொண்டே இருப்பார். பின்னாளில் எல்லாக் கேமராக் காட்சிகளையும் ஒரே திரையில் பார்க்கும் வசதி வந்தபோதும் அதில் கண் வைக்கவில்லை. வசனத்தின் தாளத்தைக் காது கொடுத்துக் கேட்பார். எங்கே ஓர் அசை கூடுதல், எங்கே மூச்சு தவறிற்று, எங்கே அரங்கு சாய்ந்து கேட்கிறது, எங்கே விலகிற்று என்பது காதிலேயே தெரியும். வானொலியிலும் மேடையிலும் எழுதிய தகப்பன் வீட்டில் வளர்ந்ததன் பலன் இதில் இருக்கிறது.

1978-ல் ‘டாக்ஸி’ தொடங்கியபோது அவருக்குக் கிடைத்த செட் ஒரு வாடகைக்கார் நிறுத்தும் கொட்டகை. கூடத்துச் சோபாவைச் சுற்றி நாலு பேர் என்ற கணக்கு அங்கே எடுபடவில்லை. கூண்டுக்குள் ஒருவர் கத்துகிறார், மேஜையில் ஐந்து பேர், பின்னால் கார் வந்து நிற்கிறது. பக்கவாட்டில் மட்டும் இருந்த நடமாட்டம் இப்போது ஆழத்திலும் நடக்கிறது. மூன்று கேமராவில் யாரோ ஒருவர் முகம் எப்போதும் விடுபட்டது. நான்காவது கேமராவைக் கொண்டுவந்தார். அதே வருடம் ‘மார்க் அண்ட் மிண்டி’யிலும் நான்காவது கேமரா வந்தது, முற்றிலும் வேறு காரணத்துக்கு. ராபின் வில்லியம்ஸ் எழுதியதை விட்டுவிட்டு எங்கே தாவுவார் என்று யாருக்கும் தெரியாததால் அவரைத் துரத்தவே ஒன்று தேவைப்பட்டது. ஃபிராய்ண்ட் வகுத்த மூன்று 27 வருடம் கழித்து நான்கானது. அதன் பிறகு அமெரிக்காவில் அரங்கத் தொடர்களுக்கு நான்குதான் வழக்கம்.

நான்கு கேமராவையும் எடுத்துக்கொண்டு பர்ரோஸ், சார்ல்ஸ் சகோதரர்கள் கிளென், லெஸ் இருவரோடும் சேர்ந்து பாஸ்டன் நகரத்து மதுக்கடை ஒன்றைக் கட்டினார். ‘சியர்ஸ்’ 1982 செப்டம்பர் 30-ல் தொடங்கியது. முதல் வருடம் அதைப் பார்த்தவர்கள் மிகக் குறைவு, பார்வையாளர் பட்டியலின் அடிப்பகுதியில் கிடந்தது. ஒவ்வொரு வாரமும் அரங்கில் மட்டும் சிரிப்புக்குக் குறைவில்லை. அதை நம்பித்தான் நிறுத்தாமல் விட்டார்களா, வேறு கணக்குகள் இருந்தனவா என்பதை அடுத்த இதழில் பார்ப்போம்.